செல்விக்காகச் சொன்ன ‘உள்ளேன்’

புரட்டாசி, வியாழன் ராத்திரி.

மதுரை கோர்ட்டுல ஜெயிச்சாச்சு. மாணவர் சங்கத் தலைவர் தேர்தலுக்கு நான் போட்ட மனு செல்லுமாம். வக்கீல் போன்ல சொன்னப்போ எனக்குச் சிரிப்பும் வரல, அழுகையும் வரல. இனி ஓட்டு வேற கேட்டுப் போகணும்.

என்னை முன்மொழிஞ்சது செல்வி. மனுப் பரிசீலனைக்கு அவளும் நேர்ல வரணும். சீசன் நேரம்கிறதால காலைல நாரணாபுரத்துப் பட்டாசுக் கம்பெனிக்குப் போயிட்டு, மதியம் பரிசீலனைக்கு வந்துருதேன்னு சொன்னா. பேராசிரியர் அவ பேரைக் கூப்பிட்டதும் என் வாய் தானா “உள்ளேன் ஐயா”ன்னுருச்சு. அவ வேலைக்குப் போற நாளெல்லாம் வகுப்புல அவளுக்குப் பதிலா நான்தான் சொல்லுவேன். அந்தப் பழக்கம். ஆள்மாறாட்டம்னு மனுவைத் தள்ளிட்டாக. கம்பெனி வெடிச்சு அவ செத்த சேதி அதுக்கப்புறம்தான் வந்துச்சு.

அவ கையெழுத்துப் போட்டப்போ உசுரோட இருந்தாளாம், அது போதுமாம். பழக்கத்துல வாய் தவறுனது மோசடி ஆகாதுன்னு கோர்ட்டு சொல்லிருச்சு. ஆனா வெடிச்ச நேரம் கேஸ் கட்டுல இருக்கு. நான் பதில் சொன்னப்போ அவ இல்ல.

சாயங்காலம் அவ வீட்டுக்குப் போனேன். அவ அம்மா தீர்ப்பைப் பத்திக் கேக்கவே இல்ல. என் கையைப் பிடிச்சுக்கிட்டு, “நீ உள்ளேன்னு சொன்னியாமே தாயி, அந்நேரம் எம்மக உசுரோட இருந்தாளா?”ன்னு மட்டும் கேட்டாக.

“இருந்தா அத்தே”ன்னேன்.