அப்பா போடாத கையெழுத்து

5-7-1978
கீழக்குயில்குடி பஸ்ஸை விட்டுவிட்டு மதுரை நூலகத்திலேயே கிடந்தேன். பார்லிமெண்ட் ஓட்டுப் போட்டு நிறைவேற்றினதையே நீதிபதிகள் செல்லாது என்று சொல்லலாமாம். அவர்களுக்கு ஒருத்தரும் ஓட்டுப் போடவில்லை, இருந்தும் அம்புட்டு அதிகாரம். படிக்கவே மயிர் கூச்செறிகிறது. நோட்டில் மூன்று பக்கம் எழுதிக்கொண்டேன்.

6-7
எங்கள் வயலுக்குக் கேஸ் போட்டு ஜெயித்துவிட்டதாகப் பக்கத்து வயல் காசிமாயன் டீக்கடையில் சொல்கிறானாம். அடுத்த மாதம் கோர்ட்டு அமீனா வந்து வயலை எடுத்துக் கொடுப்பாராம். எப்போ நடந்துச்சு கேஸ்? எங்களைக் கூப்பிடவே இல்லையே. அமீனாவைக் கைக்குள் போட்டிருப்பான்.

10-7
எங்கள் வக்கீல் கருத்தக்கண்ணன் கோர்ட்டில் கேஸ் கட்டைப் புரட்டினார். "சம்மன் வந்திருக்கே பாப்பா. ஒங்கப்பா வாங்க மாட்டேன்னுட்டாருன்னு சாட்சியோட எழுதியிருக்கு."
பொய்ச்சாட்சி என்றேன். பெயரைக் காட்டினார். என் சித்தப்பா சின்னான்.

ஏன் வாங்கவில்லை என்று வீட்டில் கேட்டால், அப்பா மாட்டுக்குத் தவிடு கலக்கிக்கொண்டே சொல்கிறார்: "ஊர்க்கூட்டத்துல ரெண்டு தரப்பும் கட்டுப்படுறோம்னு முச்சலிக்கை எழுதிக் குடுத்தாத்தான தீர்ப்பு? நான் கையெழுத்தே போடல. எனக்கு எவன் தீர்ப்புச் சொல்றது?"
அட மனுசா.

12-7
அப்பா சொல்வது தப்பு. எங்கே தப்பு? அரசியல் சட்டம் 'நாம்' என்றுதான் ஆரம்பிக்கிறது. அந்த நாமில் அப்பாவைக் கேட்டா சேர்த்தார்கள்? இத்தனை நாள் நான் எதுக்குக் கைதட்டினேன்?

15-7
தீர்ப்பை நீக்க மனுப் போட ஒன்பது நாள்தான் பாக்கி. அப்பா கையெழுத்து வேண்டும்.
"போட்டா அந்த ஜட்ஜு சொல்றதுக்குக் கட்டுப்படணும்ல, ஆத்தா."
"போடாட்டியும் வயலு போகும்யா."
எழுந்து போய்விட்டார்.

17-7
மாட்டேன்கிறார்.

21-7
சாப்பிடும்போது அப்பா கேட்டார்: "அந்த ஜட்ஜு யாருக்கு முச்சலிக்கை எழுதிக் குடுத்திருக்காரு?"
சட்டத்துக்குக் கட்டுப்படுவேன் என்று சத்தியம் செய்துதான் உட்காருவார் என்றேன்.
"மீறினா?"
"மேல்கோர்ட்டு இருக்கு."
"அதுக்கும் மேல உள்ள ஆளு மீறினா?"
நோட்டைப் புரட்டினேன். எங்கேயும் இல்லை. "தெரியலய்யா."
கை கழுவிவிட்டு வந்தார். "வக்கீலு நாளைக்கு எத்தன மணிக்கு வருவாரு?"

18-8
தீர்ப்பை நீக்கிவிட்டார்கள். வழக்கு முதலிலிருந்து நடக்கும். அதுவரை அமீனா வர முடியாது.
சம்மனை ஏன் வாங்கவில்லை என்று நீதிபதி கேட்டார். அப்பா எங்களிடம் சொன்னதையே அவரிடமும் சொன்னார். காசிமாயனின் வக்கீல் சிரித்தார். நீதிபதி சிரிக்கவில்லை. குனிந்து ஏதோ எழுதினார்.
என்ன எழுதினார்? நகல் கேட்டு மனுக் கொடுத்துவிட்டுத்தான் பஸ் ஏறினேன்.