பொன்னியைப் பற்றித் தாங்கள் கேட்டதற்கு

என் பேரன்பிற்கும் பெருமதிப்பிற்கும் உரிய விசாலம் டீச்சர் அவர்களுக்கு,

தாங்கள் மறைந்த செய்தி எனக்குத் தாமதமாகவே வந்து சேர்ந்தது. சித்தூர் பேருந்தில் என் பக்கத்தில் அமர்ந்திருந்த கல்பாத்திப் பெண்மணி, தங்கள் தெருக்காரராம், பேச்சோடு பேச்சாகச் சொன்னார். அதற்குள் காரியங்கள் எல்லாம் முடிந்துவிட்டிருந்தன. நான் இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டிப் போய், வெயிலில் நடந்து திரும்பினேன்.

மாற்றலாகிப் புறப்பட்ட அன்று, பேருந்துப் படியில் கால் வைத்தபடி தாங்கள் என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்று. "நாச்சம்மா, பொன்னி படிக்கறாளான்னு ஒரு கார்டு போடுவேளா?" போடுகிறேன் என்றேன். கார்டும் வாங்கி வைத்தேன். எழுதுவதற்கு ஒரு நல்ல செய்தி வரட்டும் என்று காத்திருந்தேன். அந்தச் செய்தி வரவில்லை, தாங்களும் போய்விட்டீர்கள். ஆகவே தங்களுக்குரிய பதிலை இன்று ஊரறிய எழுதுகிறேன்.

மலையாள மண்ணில், நல்லேப்பிள்ளிக்கு அப்பால், எங்கள் சிற்றூர்ப் பள்ளியின் தமிழ்ப் பிரிவில் தாங்கள் ஒன்றாம் வகுப்பு ஆசிரியை. என் மகன் சண்முகம் தங்கள் மாணவன். ஒரு மாலை தாங்களே வீடு தேடி வந்தீர்கள். நான் கடலைக்காய் உரித்துக்கொண்டிருந்தேன்.

"பையன் படிக்கலை, ஒப்பிக்கறான். வேற பக்கத்தைத் திருப்பி வச்சாலும் அதே பாடத்தைத்தான் சொல்றான்" என்றீர்கள்.

எனக்குச் சுருக்கென்றது. பள்ளி வாசலை மிதிக்காமல், உரச்சாக்கிலும் நாள்காட்டித் தாளிலும் எழுத்துக்கூட்டித் தேறியவள் நான். "நானே தானாப் படிச்சவளுங்க டீச்சர். எம்பையனும் படிச்சுக்குவானுங்க" என்றேன்.

"அதுக்குத்தான் உங்காத்துக்கு மொதல்ல வந்தேன். பள்ளிக்கூடத்துல நான் எழுத்தைக் காட்டலாம். ஆத்துல யாராவது காது கொடுத்தாத்தான் கொழந்தை படிக்கும், கேட்டேளா."

பள்ளி அலமாரியில் மலையாளக் கதைப் புத்தகங்கள் தட்டுத் தட்டாக இருந்தன. தமிழுக்கு ஒரே ஒரு தட்டு. அந்தத் தட்டை வீடுகளுக்குத் திறந்துவிடுவது தங்கள் எண்ணம். வெள்ளிக்கிழமை பிள்ளை ஒரு புத்தகத்தை வீட்டுக்குக் கொண்டுபோகும். வீட்டாருக்குப் படித்துக் காட்டும். திங்களன்று திருப்பித் தரும்.

"படிச்சதுக்குக் கையெழுத்துப் போட்டு அனுப்போணுமுங்களா?" என்றேன்.

"வேண்டாம். பாதி ஆத்துல போடத் தெரியாது. கதையைக் கேட்டுட்டு ஒரு கேள்வி கேளுங்கோ. அந்தக் கேள்வியோட வரட்டும், போறும்."

முதலில் வந்தது கிணற்றில் விழுந்த யானைக்குட்டியின் கதை. என் மாமனார் மாட்டுக்குத் தீனி வைத்தபடி அரைக் காதில் கேட்டுக்கொண்டிருந்தார். "ஏண்டா, அந்தக் கெணறு யாருதுன்னு போட்டிருக்குதா?"

"இல்லீங்க அப்பாரு."

"நல்லாப் பாரு. குட்டி உள்ளாற கெடந்தா கெணத்துக்காரன் வெள்ளாமைக்குத் தண்ணிக்கு எங்கடா போவான்?"

மனப்பாடத்தில் அதற்கு விடை இல்லை. சண்முகம் விரல் வைத்து வரி வரியாகத் தேடினான். அவன் மெய்யாகவே படித்ததை அன்றுதான் முதன்முதலாகக் கண்டேன். "இதெ எழுதுனவன் வெவசாயம் பண்ணாதவன்" என்று மாமனார் தீர்ப்பளித்துவிட்டு எழுந்தார். அதுவே எங்கள் வீட்டுக் கேள்வியாகப் பள்ளிக்குப் போயிற்று.

அதே புத்தகம் அடுத்து, சண்முகத்தோடு படித்த பொன்னியின் வீட்டுக்குச் சென்றது. அவள் தாய் குப்பாத்தாள் எங்கள் வயலில் நடவுக்கு வருபவள், காலனியில் இருப்பவள். அவள் கேட்டு அனுப்பியதைத் தாங்கள் என்னிடம் சொன்னீர்கள்: குட்டி விழுந்தபோது அதன் ஆத்தா எந்தப் பக்கம் வேலைக்குப் போயிருந்தது? தாங்கள் சிரிக்கத் தொடங்கி, நிறுத்திக்கொண்டீர்கள். தாய் யானையைத் தேடிப் பொன்னி அந்தக் கதையை வகுப்பில் திரும்பத் திரும்பப் படித்தாளாம். எங்கள் வீட்டுக் கேள்வியினும் அது மேலானது. எனக்குச் சற்றுப் பொறாமையாகவும் இருந்தது.

மழைக்காலத்தில் ஒரு வெள்ளிக்கிழமை, சண்முகம் கொண்டுவந்த புத்தகத்தின் மூலையில் சேறு ஒட்டியிருந்தது. "இது யாரூட்ல இருந்து வருது?" என்றார் மாமனார்.

"பொன்னி ஊட்ல இருந்துங்க அப்பாரு."

"வெளிய வெச்சுட்டுக் கால் கழுவிட்டு வா."

குரலில் கோபமே இல்லை. மாட்டைப் பிடித்துக் கட்டு என்பதுபோல் சொன்னார். "அவ நட்ட நெல்லைத்தானுங்க மாமா நாம உங்கறோம்" என்றேன். "நெல்லு வேற, அம்மிணி. ஊட்டுக்குள்ள வந்து போறது வேற" என்றார்.

அவரைப் போன்றவர்கள் சிலர் சேர்ந்து ஹெட்மாஸ்டரிடம் போனார்கள். காலனிப் பிள்ளைகளுக்குத் தனிப் புத்தகம் வேண்டும் என்றார்கள். வம்புக்கு அஞ்சிய அவர், இரண்டு கட்டாகப் பிரித்துவிடுங்கள் என்றார். "ஒவ்வொரு கதைக்கும் ஒரே பொஸ்தகம்தான் சார் இருக்கு. நடுவுல கிழிச்சுப் பங்கு வைக்கட்டுமா?" என்று தாங்கள் கேட்டதை ஊரே பேசியது. பெற்றோர் எல்லாம் கூடும் யோகத்தில் முடிவு செய்துகொள்ளலாம் என்று அவர் ஒதுங்கிக்கொண்டார்.

அந்த யோகத்திற்காக நான் அடுப்படியில் நின்றே ஓர் உரையைச் சமைத்தேன். கல்வியின் மாண்பு, எழுத்தின் தூய்மை, தீண்டாமையின் இழிவு, ஒன்றையும் விடவில்லை. எழுந்து நின்று பிசிறில்லாமல் பேசினேன். தங்கள் கண்கள் கலங்கியதையும் பார்த்தேன். முடித்ததும் ஒரு பெரியவர், "ரேடியோவுல பேசற மாதிரியே இருந்துச்சுங்க" என்றார். மாமனார், "எங்கூட்டு மருமக" என்று பெருமையோடு மீசையைத் தடவினார். பிறகு எல்லோரும் கை தூக்கி, புத்தகங்களை அலமாரியில் வைத்துப் பூட்டுவது என்று முடிவு செய்தார்கள்.

என் தமிழை எல்லோரும் கேட்டார்கள். நான் சொன்னதை யார் கேட்டார்கள்?

அன்று குப்பாத்தாள் சன்னலுக்கு வெளியே, அரிவாளை இடுப்பில் செருகியபடி நின்றிருந்தாள். அவள் வாய் திறப்பதும் மூடுவதுமாக இருந்ததை நான் கண்டேன். அவ்வளவு நீளமாகப் பேசிய நான், "குப்பாத்தா, உள்ள வா" என்று மட்டும் சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? ஒன்றும் ஆகாமலும் போயிருக்கலாம். ஆயினும் பொன்னிக்காகப் பேச உரிமையுள்ளவள் அந்த இடத்தில் அவள் ஒருத்திதானே, டீச்சர்?

அடுத்த பள்ளித் திறப்புக்குள் தங்களுக்கு மாற்றல் வந்தது. சண்முகம் தப்பித்துக்கொண்டான், தினமும் காலையில் தாத்தாவுக்குப் பத்திரிகை படித்துக் காட்டுகிறான், அவர் வரிக்கு வரி குறுக்குக் கேள்வி கேட்கிறார். பொன்னி தப்பவில்லை. அவள் வீட்டுக்குக் கதையும் வரவில்லை, அவளைக் கேட்பாருமில்லை. கைக்குழந்தையாக இருந்த தங்கையைப் பார்த்துக்கொள்ள நடவுக் காலத்தில் பள்ளியிலிருந்து நின்றவள், அப்படியே நின்றுவிட்டாள். இப்போது தாயோடு சேர்ந்து நாற்றுக்கட்டு தூக்குகிறாள். போன வாரம் வரப்பில் வைத்துக் கேட்டேன். "எழுத்தெல்லாம் மறந்துபோச்சுங்க அம்மிணி" என்று சிரித்தாள். அந்தச் சிரிப்பைத் தங்களுக்கு எப்படிக் கார்டில் எழுதியிருப்பேன்?

குப்பாத்தாளிடமும் கேட்டேன், அன்று என்ன சொல்ல வந்தாய் என்று.

"பெருசா ஒண்ணுமில்லீங்க. வாழையெலையை விரிச்சு அது மேல வெச்சுத்தானுங்க நாங்க படிச்சோம். அந்தச் சேறு எங்கூட்டுது இல்லீங்க. அதெச் சொல்லிப்போட்டு, புள்ளைக்குப் பொஸ்தகத்தை நிறுத்தீராதீங்கன்னு கேக்கலாம்னு நின்னேன்."

சேறு ஒரு சாக்கு மட்டுமே என்பது அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். இருவரும் வேறு பக்கம் பார்த்துக்கொண்டோம்.

அந்தக் கைக்குழந்தை இவ்வாண்டு ஒன்றாம் வகுப்பில் சேர்ந்திருக்கிறாள். ஒரு வாக்கைத் தங்களுக்குக் கொடுத்துக் காப்பாற்றத் தவறியவள் நான். இன்னொன்று கொடுப்பதற்குக் கூச்சமாகத்தான் இருக்கிறது. அலமாரி இன்னும் பூட்டியேதான் கிடக்கிறது; அதைத் திறக்கக் கேட்க, வரும் யோகத்திற்குக் குப்பாத்தாளைக் கூட்டிப் போவேன். "மொதல்ல நீங்க பேசுங்க அம்மிணி" என்கிறாள். முன் பெஞ்சில், என் மாமனார் பார்க்க, என் அருகில் அவளை உட்கார வைப்பேன். அவள் பேசி முடிக்கும்வரை நான் வாய் திறக்க மாட்டேன்.

தங்கள் உடன்பிறவாத் தங்கை,
சண்முகத்தின் தாய்,
நாச்சம்மாள்