டிரா வேண்டாம் என்றவளுக்கு

இன்று காலை ரேஷன் அட்டையைத் தேடிப் பீரோவின் மேல்தட்டைக் குடைந்தபோது உன்னுடைய அந்தத் தாள் கைக்கு வந்தது. செஸ் போட்டியில் ஒவ்வொரு நகர்த்தலையும் எழுதி வைப்பார்களே, அந்த ஸ்கோர் ஷீட்டின் கார்பன் நகல். மடிப்பில் கிழியத் தொடங்கிவிட்டது. கார்பன் வாசனை மட்டும் போகவில்லை. அறுபத்தோரு நகர்த்தல். கீழே இரண்டு கையெழுத்து; ஒன்று உன்னுடையது, மற்றது ஒரு கிராண்ட்மாஸ்டருடையது. முடிவு எழுதும் இடத்தில் உன் பக்கம் பூஜ்யம்.

அந்தப் பூஜ்யத்தைப் பற்றித்தான் உனக்கு எழுத வேண்டும்.

நீ சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து ஸ்ரீபெரும்புதூருக்கு, சார்ஜர் செய்யும் கம்பெனிக்கு ட்ரெய்னியாக வந்தவள். நான் பக்கத்து மண்ணூர்க்காரி. லைனில் நீ சர்க்யூட் அட்டையை உட்கார வைத்துத் தள்ளுவாய், நான் மூடி போட்டு அழுத்துவேன். பள்ளிக்கூடத்தில் ஜில்லாவுக்காக ஆடியவள் நீ. அப்பா இறந்த பிறகு படிப்பு நின்றது, ஆட்டமும் நின்றது என்று கம்பெனி ஹாஸ்டலில் எல்லாரும் நினைத்தார்கள். பெட்டியில் துணிக்கு அடியில் போர்டு இருந்தது எனக்கு மட்டும்தான் தெரியும்.

கம்பெனி பஸ்ஸில் மற்றவர்கள் சீரியல் கதை பேசுவார்கள். நீ கிராண்ட்மாஸ்டர்களின் கதை சொல்வாய். அந்தப் பட்டத்துக்கு மூன்று நார்ம் வேண்டும், அதாவது பெரிய ஆட்டக்காரர்கள் வரும் போட்டிகளில் மூன்று முறை அந்தத் தரத்துக்கு ஆடிக்காட்ட வேண்டும், அதோடு இரண்டாயிரத்து ஐந்நூறு ரேட்டிங் புள்ளியையும் தொட வேண்டும் என்பதெல்லாம் நீ சொல்லித்தான் தெரியும். யார் பள்ளிக்கூட வயதிலேயே பட்டம் வாங்கினார், யார் மூன்றாவது நார்முக்காக வருடக்கணக்கில் நாடு நாடாக அலைந்தார், யார் கடைசிச் சுற்றில் அரைப் புள்ளியில் கோட்டைவிட்டார், எல்லாம் உனக்கு மனப்பாடம்.

“ஜெயிச்ச கதைய பேப்பர்ல போட்டுருவான்ட்டி. தோத்த மறுநா காலைல எப்படி எந்திச்சுப் போயி உக்காந்தாங்க, அதத்தான் நான் தேடிப் படிப்பேன்” என்பாய்.

“இன்னாடி, நீயும் கிராண்ட்மாஸ்டர் ஆவப் போறியா?” என்று ஒருநாள் கிண்டல் செய்தேன்.

“அதுக்கெல்லாம் சின்னதுலயே ஆரம்பிக்கணும். ஆனா ஒரு கிராண்ட்மாஸ்டர நான் தோக்கடிக்க முடியாதுன்னு எவன் சொன்னான்?”

சென்னையில் யார் வேண்டுமானாலும் ஆடக்கூடிய ஓபன் போட்டி ஒன்று வந்தது. ஐந்து நாள் லீவு கேட்டாய். சூப்பர்வைசர் முடியாது என்றார். பர்சனல் அதிகாரியிடம் போய் நின்றாய். நானும் கூட வந்தேன். அவர் சிரித்துக்கொண்டேதான் சொன்னார்: “பேப்பர்ல பேர் வர்ற மாதிரி ஏதாச்சும் பண்ணிட்டு வாம்மா, ஸ்போர்ட்ஸ் லீவா போட்டுக்கலாம். இல்லன்னா ஆப்சென்ட்தான். நீ ட்ரெய்னி, ஞாபகம் வெச்சுக்கோ.”

“சரி சார்” என்றாய். நான்தான் பயந்தேன்.

முதல் சுற்று அன்று எனக்கு வார விடுமுறை. உன்னோடு வந்தேன். முதல் சுற்றில் பெரிய ரேட்டிங்காரர்களுக்கு எதிரே ரேட்டிங்கே இல்லாதவர்களை உட்கார வைப்பார்களாம். உனக்கு வாய்த்தவர் கிராண்ட்மாஸ்டர். நீல சட்டை போட்ட அமைதியான மனிதர். குதிரை எப்படிப் போகும் என்றுகூட எனக்கு அப்போது தெரியாது. ஆனால் இரண்டு மணி நேரம் கழித்து உங்கள் மேஜையைச் சுற்றிக் கூட்டம் சேர்ந்தது தெரிந்தது. பக்கத்தில் நின்றவர் என் காதில், “அந்தப் பொண்ணுக்கு ஒரு சிப்பாய் அதிகம்” என்றார்.

அப்போதுதான் அவர் ஒரு காயை நகர்த்திவிட்டு, கடிகாரத்தை அழுத்துமுன் உன்னைப் பார்த்து, “டிரா?” என்றார்.

எனக்கு உயிர் வந்தது. கிராண்ட்மாஸ்டரோடு டிரா, ஆளுக்கு அரைப் புள்ளி. பேப்பரில் பேர். லீவு, வேலை, எல்லாம் அந்த ஒரு தலையசைப்பில் இருந்தது. நீ போர்டையே வெகுநேரம் பார்த்தாய். பிறகு தலையை ஆட்டினாய், இல்லை என்று. யானையை எடுத்து முன்னால் வைத்தாய்.

நேரம் குறைந்தது. கை அவசரப்பட்டது. குதிரையைத் தவறான கட்டத்தில் வைத்தாய் என்று பின்னால் சொன்னார்கள். அறுபத்தோராவது நகர்த்தலில் தோல்வியை ஒப்புக்கொண்டு கை கொடுத்துவிட்டாய்.

“ஏம்மா வேணான்ன?” என்று அவர் கேட்டார்.

“உங்களுக்கு வேணும்போல இருந்துச்சு சார். எனக்கு வேணாம்.”

அவர் சிரிக்கவில்லை. காய்களைத் திரும்ப அடுக்கி, “இந்த இடத்துல நீ என்னை ஜெயிச்சிருக்கணும்” என்று காட்டினார். உன் முகத்தில் அப்போது வந்த வெளிச்சத்தைப் பார்த்து எனக்கு ஆத்திரம்தான் வந்தது.

பூந்தமல்லி பஸ்ஸில் வெடித்தேன். “பைத்தியமாடி உனக்கு? தலைய ஆட்டியிருந்தா வேல நெலச்சிருக்கும்ல? தோத்துட்டு இளிச்சிகினு கீறியே!”

“ஏட்டி, அவரு மாட்டிக்கிட்டுதான கேட்டாரு? ஜெயிக்கிற ஆட்டத்த நான் எதுக்கு பாதிக்கு விடணும்?”

“வேல பூடும்டி.”

“போட்டும். வேற வேல தேடிக்கிடுவேன். அந்த மேஜ தேடுனா கெடைக்குமா?”

மறுநாள் காலையில் ஒன்றுமே நடக்காதது போல இரண்டாம் சுற்றுக்குக் கிளம்பிப் போனாய். மிச்சச் சுற்றுகள் எல்லாம் ஆடினாய். திரும்பி வந்தபோது கேட்டிலேயே உன் கம்பெனி அடையாள அட்டையை வாங்கிக்கொண்டார்கள். நான் உன்னோடு பேசாமல் இருந்தது எத்தனை நாள் என்று எண்ணவில்லை. இப்போது எண்ணிப் பார்க்கவும் பிடிக்கவில்லை.

நீ ஒரகடத்தில் காருக்கு வயர் கட்டும் கம்பெனியில் சேர்ந்தாய். லீவு கிடைக்கும்போதெல்லாம் ஆடினாய். ஒருநாள் போனில், “ஏட்டி, ரேட்டிங் வந்துட்டு!” என்று கத்தினாய். சின்ன ரேட்டிங்தான். உலகப் பட்டியலில், எத்தனையோ கிராண்ட்மாஸ்டர்களுக்கு வெகு கீழே, உன் பெயர். அடுத்த வருடமே ரத்தத்தில் நோய் என்றார்கள். மூன்று மாதம்தான் இருந்தாய். உலகப் பட்டத்துக்கான ஆட்டம் சென்னைக்கே வந்தபோது நீ இல்லை.

சென்ற மாதம் உன் இரண்டாம் நினைவுநாளுக்கு உங்கள் ஊருக்குப் போயிருந்தேன். வந்தவர்களிடம் உன் அண்ணன் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தார்: “கிராண்ட்மாஸ்டர்கூட டிரா பண்ணுனவ எந்தங்கச்சி.”

என்னால் உட்கார முடியவில்லை. எழுந்து நின்று, “இல்லண்ணே, தோத்துட்டா” என்றேன். உன் சித்தப்பா, “செத்த பிள்ளையப் பத்தி இப்படியா பேசுவாக?” என்றார்.

“அவரு டிரா கேட்டாரு. இவதான் வேணாம்னா. ஜெயிக்கப் பாத்து தோத்தா. நான் பக்கத்துல நின்னு பாத்தேன்.”

அண்ணன் முகம் சுருங்கியது. மூலையில் இருந்த உன் அம்மா என்னைப் பார்த்தார். “அவரே கேட்டாரா தாயி?”

“ஆமாம்மா. அவரே.”

“இவ வேணாம்னாளா?”

“ஆமாம்மா.”

அம்மா சேலையை உதறிக்கொண்டு எழுந்தார். “ஏல, இனிமே யாரு கேட்டாலும் இதையே சொல்லு” என்றார் உன் அண்ணனிடம். “எம்மவ வேணாம்னு சொன்னத மறைக்காத.”

பஸ்ஸில் உன்னைத் திட்டியது தவறு. அதை உன்னிடம் நேரில் சொல்ல முடியாமல் போயிற்று. ஆனால் உன் தோல்வி இந்தத் தாளாக என்னிடம்தான் இருக்கிறது. அதை டிராவாக மாற்ற யாரையும் விடமாட்டேன். எந்தக் கூட்டத்தில் கேட்டாலும் தோற்றாள் என்றே சொல்வேன். குரலைத் தாழ்த்திச் சொல்ல மாட்டேன்.