இஞ்சியை எடுக்க மாட்டேன்

நார்டன்,
2 டிசம்பர் 1997

அன்புள்ள கெஷே அத்தைக்கு,

சனிக்கிழமை சந்தைக்கு வந்த நீங்கள், நான் வேலை பார்க்கும் பேக்கரியில் எல்லார் முன்னாலும் என்னைப் பார்த்து, “ஒன்பதாவதோட படிப்ப விட்டுட்டா, வாயும் கெடையாது. இவ எங்க உருப்படப் போறா?” என்று கேட்டீர்கள். என் கையில் சூடான தட்டு இருந்தது. எனக்குப் பதில் எப்போதும் மூன்று நாள் கழித்துத்தான் வரும். அதனால் எழுதுகிறேன்.

பதினாலாம் தேதி, கிறிஸ்துமஸ் மாதத்து ஞாயிறு, பிற்பகல் மூன்று மணிக்கு எங்கள் வீட்டுக்குத் தேநீருக்கு வாருங்கள். எனக்குப் பதினாறு வயது. இதுவரை நீங்கள் எங்கள் படி மிதித்ததில்லை.

அம்மாவும் நானும் அடுக்கு கேக் செய்கிறோம். ஜாவாவில் அவள் ஊரில் செய்வது. ஒரு கரண்டி மாவு ஊற்றி, மேல்சூட்டில் சிவந்ததும் அடுத்த கரண்டி. இப்படிப் பதினெட்டு அடுக்கு. பட்டை, கிராம்பு, ஜாதிக்காய் எல்லாம் உங்கள் கிறிஸ்துமஸ் பிஸ்கட்டில் இருப்பவைதான், பயப்படாதீர்கள். மாவில் தோய்த்துப் பொரித்த வாழைப்பழமும், தொட்டுக்கொள்ள நம் புளிப்புச் செர்ரி ஜாமும் உண்டு. தேநீர் நம் ஊர்த் தேநீர்தான்: அடியில் கற்கண்டு, மேலே க்ரீம், கலக்கக் கூடாது. ஆனால் கெட்டிலில் ஒரு துண்டு இஞ்சியைத் தட்டிப் போடுவோம்.

அம்மாதான் ஊற்றுவாள்.

உங்கள்,
தோம்கே

கிரேட்ஸீல்,
6 டிசம்பர்

தோம்கே,

வாய் இல்லாவிட்டாலும் உனக்குக் கை இருக்கிறது என்று தெரிந்துகொண்டேன்.

நம் தேநீரில் இஞ்சியா? அது ஜலதோஷக்காரனுக்குப் போடுவது.

உன் அப்பா ஹார்ம் கல்யாணம் முடித்து அவளை இங்கே கூட்டி வந்த அன்று, என் அம்மாவின் சிவப்பு ரோஜாக் கோப்பையை அவளுக்கென்று எடுத்து வைத்தேன். என் கையால் ஊற்றினேன். ஒரு மணி நேரம் அதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தாள். கற்கண்டு கரைந்தது. க்ரீம் ஏடு கட்டியது. ஒரு வாய் வைக்கவில்லை. ஹார்ம் நம் வழக்கப்படி மூன்று கோப்பையையும் குடித்துவிட்டு, “வரட்டுமாக்கா?” என்று எழுந்துவிட்டான். ஊற்றிய தேநீரைத் தொடாமல் விடுவதைவிட எங்கள் பக்கத்தில் பெரிய அவமானம் கிடையாது.

ஞாயிறு நீயும் ஹார்மும் இங்கே வாருங்கள். கேக்கைக் கொண்டு வா. அவள் வர வேண்டாம். அவள்தான் தேநீர் குடிப்பதில்லையே.

கெஷே

நார்டன்,
9 டிசம்பர்

கெஷே அத்தைக்கு,

உங்கள் கடிதத்தை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். கடைசி வரியையும் விடவில்லை. அம்மா முட்டை அடிப்பதை நிறுத்தாமல் கேட்டாள்.

“ஏம்மா அன்னிக்குக் குடிக்கல?” என்றேன்.

“யாரும் குடிங்கன்னு சொல்லலையேடி. வீட்டுக்காரங்க சொல்லாம எப்படிக் கோப்பையத் தொடுறது? எங்கூர்ல அது வெக்கங்கெட்டத்தனம். இப்பச் சொல்வாங்க, இப்பச் சொல்வாங்கன்னு உங்க அத்தை வாயையே பாத்துக்கிட்டு இருந்தேன்.”

வீட்டுக்கு வந்ததும் குழாயைத் திறந்து மூன்று டம்ளர் தண்ணீர் குடித்தாளாம். உங்களுக்கு அவளைப் பிடிக்கவில்லை என்று அன்றைக்கே முடிவு செய்துவிட்டாளாம்.

அப்பாவிடம் கேட்டேன். “அப்படியா? நான் கவனிக்கலையே” என்றார்.

நீங்கள் ஒரு சொல் சொல்லவில்லை. அம்மா ஒரு வாய் குடிக்கவில்லை. இதற்குப் பதினேழு வருடம், அத்தை!

அம்மா இல்லாமல் உங்கள் வீட்டுக்கு வர மாட்டேன். கிறிஸ்துமஸுக்கும் வர மாட்டேன். ஞாயிறு மூன்று மணிக்கு உங்கள் கோப்பை எங்கள் மேசையில் இருக்கும். நீங்கள் வராவிட்டால் உங்கள் மூன்று கோப்பையையும் நானே குடிப்பேன்.

இஞ்சியை எடுக்க மாட்டேன்.

தோம்கே

கிரேட்ஸீல்,
15 டிசம்பர்

அன்புள்ள தோம்கே,

நேற்று, ‘குடிங்க’ என்று சொன்னால்தான் கோப்பையைத் தொடுவது என்று பஸ்ஸிலேயே முடிவு செய்துகொண்டு வந்தேன். மரியாதை பாதி, வீம்பு பாதி. உன் அம்மா லெஸ்தாரி என்ன செய்தாள்? இத்தனை வருடத்தில் நம் ஊர்க்காரியாகிவிட்டாள். ஊற்றினாள், பேசாமல் உட்கார்ந்தாள். சூட்டில் கற்கண்டு வெடித்தது. ஹார்ம் கேக் தின்றான். நான் உங்கள் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பன்னிரண்டு நிமிடம். அதற்குள்ளேயே தொண்டை வறண்டுவிட்டது. அவள் ஒரு மணி நேரம் இருந்திருக்கிறாள்.

அப்புறம் நீ எழுந்தாய். உப்பு வேண்டுமென்றாலும் அப்பா காதில் ஊதுகிற பிள்ளை.

“குடிங்கத்தை! இல்லேன்னா எந்திரிச்சுப் போங்க!”

என் அப்பாவுக்குப் பிறகு என்னிடம் யாரும் அப்படிப் பேசியதில்லை. குடித்தேன். மூன்று கோப்பை. போதும் என்று கரண்டியைக் கோப்பைக்குள் வைத்தேன். லெஸ்தாரி அதை எடுத்துச் சாசரில் போட்டுவிட்டு நாலாவது ஊற்றினாள். “குடிங்க அண்ணி” என்றாள். அதையும் குடித்தேன்.

நீ உருப்பட மாட்டாய் என்று எல்லார் முன்னாலும் சொன்னேன். அதை எல்லார் முன்னாலும்தான் திரும்பப் பெற வேண்டும். சனிக்கிழமை பேக்கரிக்கு வருகிறேன்.

வருகிற ஞாயிறு மூன்று மணிக்கு என் வீட்டில். மூன்று பேரும் வாருங்கள். சிவப்பு ரோஜாக் கோப்பை லெஸ்தாரிக்கு. அந்தச் சொல்லை நான் மறந்தால் நீ கத்து.

இஞ்சி கொண்டு வராதே. வாங்கி வைத்துவிட்டேன்.

உன்,
கெஷே அத்தை