அணைக்காத கேமரா

கேமரா மாமா,

உன் டேப் பெட்டி இன்று திரும்பி வந்துவிட்டது. மூடியைத் திறந்தால் பழைய பூஞ்சை வாசனை இல்லை, துடைத்த ஸ்பிரிட் வாசனைதான் வருகிறது. நீ கண்ணை மூடிய பிறகு நான் தொடாமலே வைத்திருந்த பெட்டி.

போன மாதம் சென்னையிலிருந்து ஒரு பெண் வந்தாள். படம் எடுப்பவர்களுக்குப் பழைய வீடியோ தேடிக் கொடுப்பதுதான் அவள் வேலையாம். கம்பெனிகள் வருவதற்கு முன்னால் நம் பக்கம் எப்படி இருந்தது என்று ஆவணப்படம் எடுக்கிறார்களாம். "கல்யாணம் வேணாங்க்கா. ஏரி, வயல், ரோடு ஏதாவது இருக்கா?" என்று கேட்டாள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. உன்னிடம் அதுதானே நிறைய இருந்தது!

தோளிலிருந்து இறக்கினால் கேமராவை அணைக்க மாட்டாய். கைப்பிடியைப் பிடித்துத் தொங்கவிட்டு நடப்பாய், அது பாட்டுக்கு ஓடும். கேட்டால் மறந்துவிட்டேன் என்பாய். பென்னலூரில் கல்யாணப் பெண்ணின் அப்பா கத்தினாரே, "கல்யாணத்த எடுக்கச் சொன்னா வழியெல்லாம் வயல் வரப்ப எடுத்துக்கினு வந்துகீறியே!" அதன் பிறகு அதையெல்லாம் வெட்டிவிட்டுத்தான் கேசட் கொடுத்தாய். வெட்டாத மூல டேப்புகளை மட்டும் அழிக்கவில்லை.

அவள் தான் கொண்டுவந்த மெஷினில் ஒரு டேப்பைப் போட்டாள். கோடு கோடாக ஓடி, பிறகு தெளிந்தது. வல்லக்கோட்டைக் கல்யாணத்துக்கு வரப்பில் நடந்து போகிறோம். ஏரி நிறையத் தண்ணீர். லைட்டைத் தூக்கிக்கொண்டு முன்னால் நான். பின்னாலிருந்து உன் குரல்.

"குள்ளி, பாத்து நட. லைட்ட சேத்துல போட்டுடாத."

"நீ மொதல்ல கேமராவ அணைச்சியா மாமா?"

"அணைச்சிட்டேன், அணைச்சிட்டேன்."

அந்தப் பெண் விழுந்து விழுந்து சிரித்தாள். நான் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டேன். ஊரையே படம் பிடித்த உன்னை யாரும் பிடித்து வைக்கவில்லை. உன் குரல் இதில் மட்டும்தான் இருக்கிறது.

"இந்த ஏரிதாங்க்கா வேணும். சத்தத்த எடுத்துட்டு மியூசிக் போட்டுடுவோம்," என்றாள்.

"அவரு குரல எடுத்தா டேப்பு கெடையாதும்மா."

சொல்லிவிட்டேனே தவிர, அவள் வேண்டாமென்று போய்விட்டால் டேப்பைத் துடைப்பது யார்? பூஞ்சையைத் துடைக்காவிட்டால் இன்னொரு மழையைத் தாங்காது என்று அவள்தான் சொல்லியிருந்தாள். வாசலில் நின்று டைரக்டரிடம் வெகுநேரம் போனில் பேசினாள். திரும்பி வந்து, "அப்படியே வெச்சிக்கலாம்னுட்டாருக்கா. 'அணைச்சிட்டேன்' உள்பட," என்றாள். துடைத்துத் தருவதாகப் பெட்டியை எடுத்துப் போனாள்.

இப்போது அவள் அனுப்பிய அந்தக் காட்சி என் போனில் இருக்கிறது. ஒரகடத்துக்குக் கேன்டீன் வேலைக்குப் போகும்போது ஷேர் ஆட்டோவில் காதில் வைத்துக் கேட்கிறேன். அந்த வரப்பு இருந்த இடத்தில் கம்பெனி சுவர் போகிறது. நீ மட்டும் இன்னும் "பாத்து நட" என்கிறாய்.

ஒன்றுதான் புரியவில்லை. கையில் தொங்குகிற கேமரா தரையைத்தானே பார்க்கும்? இதில் நான் வளைந்தால் அதுவும் வளைகிறது, நான் நின்றால் அதுவும் நிற்கிறது. ஒரு இடத்தில்கூட நான் படத்தை விட்டுப் போகவில்லை. மாமா, நீ நிஜமாகவே மறந்துதான் போனாயா?