தண்ணீர் வருகிற பக்கம்

மண்ணைக் குழாயாக்கித் தண்ணீரை மேடேற்றிய மகராசனுக்கு, கீழ்த்தெருவில் மிச்சமிருக்கிற ஒரே ஆள் எழுதிக்கொள்வது.

நான் சுகம். பல்லில் இரண்டு போய்விட்டது. வாய் அப்படியேதான் இருக்கிறது, கேட்கத்தான் ஆள் இல்லை. எழுத்து கோணல்மாணலாக இருந்தால் சிரிக்காதீர்கள். அரைகுறையாகப் படித்தவள் எழுதுகிறேன். அந்த அரைகுறையும் இல்லாத நீங்கள், யாரையாவது பிடித்துப் படிக்கச் சொல்லித்தானே கேட்கப்போகிறீர்கள்.

அந்த ஊருக்கும் குழாய் போட்டுக்கொடுத்துவிட்டு, ஒரு மழைக்காலம் முடிந்ததும் வந்துவிடுவேன் என்று சொல்லிப் போனீர்கள். அங்கே மழை நான்கு வருஷமாக விடாமலா பெய்கிறது?

உங்களோடு வேலைக்குப் போன சுண்ணாம்புக்காரர் போன வாரம் திரும்பி வந்தார். ஓடிப்போய் விசாரித்தேன். “அண்ணனுக்கென்ன அக்கா, நல்லாத்தான் இருக்காரு, சாப்பாட்டுக்கெல்லாம் குறையில்ல” என்றார். சொல்லிவிட்டு ரொம்ப நேரம் தன் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். சமைப்பது யார் என்று கேட்க நாக்கு நுனிவரை வந்தது. கேட்கவில்லை. உங்கள் முதுகுவலி எப்படி என்று கேட்டேன். அது பரவாயில்லையாம். சந்தோஷம்.

தெருச் சேதி சொல்கிறேன். தண்ணீர் மேடேறுமா என்று ஊரே உங்களைப் பார்த்துச் சிரித்தது ஞாபகம் இருக்கிறதா? தூரத்து மலை ஊற்று மேட்டைவிட உயரம், பள்ளத்தில் இறங்கின தண்ணீர் குழாய்க்குள் மறுபடி ஏறும் என்று தொண்டை வறளக் கத்தினீர்கள். சிரித்தவர்கள்தான் முதலில் போனார்கள். முன்னே அந்த மேட்டில் வெறும் ஆடு மேயும். தண்ணீர் வேண்டுமென்றால் ஆற்றை ஒட்டித்தானே கிடக்க வேண்டும் என்று இந்தப் பள்ளத்தில் சுவரோடு சுவர் இடித்துக்கொண்டு இருந்தோம். வருஷா வருஷம் வெள்ளம் வந்து பானை சட்டியை அள்ளிக்கொண்டு போகும், நாமும் சேற்றை வழித்துப்போட்டுவிட்டு மறுபடி அடுப்பு மூட்டுவோம். இப்போது மேட்டில் தெருவுக்கொரு தொட்டி. ரொட்டிச் சூளைக்காரர் போனார். சாயம் போடுகிறவர்கள் போனார்கள். சந்தையும் அவர்கள் பின்னாலேயே போனது. நம் எதிர்வீட்டு வாயாடி, சாகிறவரை ஆற்றை விட்டு நகரமாட்டேன் என்றவள், விடிந்து பார்த்தால் வண்டியில் உட்கார்ந்திருக்கிறாள்.

போகிறவர்கள் கதவு, சன்னல், உத்தரம் எல்லாவற்றையும் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். தெருவைப் பார்த்தால் என் வாய் மாதிரி இருக்கிறது, அங்கங்கே ஓட்டை. காற்று ஒரு வீட்டில் நுழைந்து ஏழாவது வீட்டில் வெளியே வருகிறது.

படித்துறையில் குடத்தை வரிசையில் வைத்துவிட்டு எத்தனை சண்டை போட்டிருப்போம். இப்போது என் குடம் மட்டும்தான். நேற்று அதன் பின்னால் இன்னொரு குடத்தையும் வைத்து, “ஏய், முந்தாதே” என்று அதட்டிப் பார்த்தேன். அது பதில் பேசவில்லை. எதிர்வீட்டுக்காரியாக இருந்தால் என் ஏழு தலைமுறையை இழுத்திருப்பாள். பைத்தியம் என்று நினைத்துவிடாதீர்கள், சும்மா விளையாட்டுக்கு.

இனிதான் விஷயம். தெருவை அளக்கிற கயிற்றுக்காரர் வந்தார். பெரிய படகுகள் வந்து நிற்பதற்காக நம் தெரு முழுவதையும் வெட்டி ஆற்றோடு சேர்க்கப்போகிறார்களாம். மழைக்கு முன்னால் வேலை ஆரம்பம். வீட்டுக்குப் பதிலாக மேட்டில் மனை உண்டு, ஆனால் மனை அளக்கக் கயிறு பிடிக்கிற அன்று நேரில் வந்து நின்று வாங்கிக்கொள்ள வேண்டும். இல்லாவிட்டால் இல்லை. “ஏம்மா, எல்லாரும் போயாச்சு. காலித் தெருவுக்கு நீ என்ன காவலா?” என்று கேட்டார். “ஆமாய்யா, திருடன் வந்தாலாவது ரெண்டு வார்த்தை பேசலாம்னு பாக்கறேன்” என்றேன். சிரித்துக்கொண்டே போய்விட்டார்.

உண்மையை அவரிடம் எப்படிச் சொல்வது? உங்களுக்குத் தெரிந்தது இந்த ஒரு வாசல்தான். நீங்கள் வந்து நிற்கும்போது இந்த இடத்தில் தண்ணீர் கிடந்தால் எங்கே போய்த் தட்டுவீர்கள்? மேட்டில் எல்லாம் புதுத் தெரு, எல்லா வீடும் ஒரே மாதிரி. அதனால் போகவில்லை. இன்னும் முடிவும் செய்யவில்லை.

நான்கு நாள் கழித்து எழுதுகிறேன்.

நேற்று மேட்டுக்குப் போனேன். மனையைப் பார்க்க இல்லை, எதிர்வீட்டுக்காரியிடம் சண்டை போட்டு நாளாகிவிட்டதே என்று. ரொட்டிச் சூளைக்குப் பக்கத்து வளைவில் ஒரே கூட்டம். குழாயில் கசிவு. தோண்டிப்போட்டு, உடைந்த குழாயை எடுத்துவிட்டு, நீங்கள் சூளையில் மிச்சம் வைத்துப்போன குழாய் ஒன்றைச் சொருகியிருந்தார்கள். சுண்ணாம்பை அப்பி அப்பிப் பூசியும் நிற்கவில்லை. மூன்று தடவை பிரித்துப் பூசிவிட்டார்களாம்.

எட்டிப் பார்த்தேன். குழாய் முனையில் உங்கள் கட்டைவிரல். சூளைக் கம்பி கிழித்த தழும்பு குறுக்கே ஓடுகிற அதே விரல். பச்சை மண்ணில் நீங்கள் அழுத்தும்போது பக்கத்தில் உட்கார்ந்து சோறு ஊட்டியவளுக்கு அடையாளம் தெரியாதா? அப்புறம்தான் கவனித்தேன், விரல் தப்பான பக்கம் இருக்கிறது.

“அய்யா, கட்டைவிரல் தண்ணி வர்ற பக்கம் இருக்கணும். திருப்பிப் போடுங்க” என்றேன். கொத்தனார் நிமிர்ந்து பார்த்து, “கூடை தூக்க வந்தவங்கல்லாம் குழாய் வேலை சொல்லிக்குடுக்கறாங்கப்பா” என்றார். விடுவேனா. “ஒரு முனை ஒரு நூல் குறுகல். கண்ணுக்குத் தெரியாது, அதுக்குத்தான் இந்த அடையாளம். மூணு தடவ பூசினீங்களே, நாலாவது தடவ என் பேச்சக் கேட்டா கிரீடமா எறங்கிடும்?” என்றேன். திருப்பிப் போட்டார்கள். கச்சிதமாக உட்கார்ந்தது. ஒரு சொட்டு வரவில்லை. எதிர்வீட்டுக்காரி என்னைக் கட்டிக்கொண்டு அழுதாள். சண்டை போட முடியாமல் போய்விட்டது.

மண் போட்டு மூடுவதற்கு முன்னால் குனிந்து உங்கள் விரல் பள்ளத்தில் என் விரலை வைத்துப் பார்த்தேன். குழாய்க்குள் தண்ணீர் ஓடுவது விரலுக்குத் தெரிந்தது. என் விரல் சின்னது, சுற்றிலும் இடம் மிச்சம்.

கூட்டத்தில் நின்ற கயிற்றுக்காரரை அங்கேயே கூப்பிட்டு, இந்த வளைவை ஒட்டின மனைதான் வேண்டும் என்று சொல்லிவிட்டேன். முதலில் வேறு இடம் காட்டினார். இந்த ஊருக்கே தண்ணீர் கொடுத்தவன் பெண்டாட்டிக்கு நாலு முழம் இடம் இல்லையா என்று கேட்டதும் ஒத்துக்கொண்டார். நாளை மறுநாள் கயிறு பிடிக்கிறார்கள். போய் நிற்பேன்.

ஆகவே இதைக் கேட்டுக்கொள்ளுங்கள். படித்துக் காட்டுகிறவர் யாராக இருந்தாலும் இந்த இடத்தை மட்டும் மெதுவாகப் படிக்கட்டும். ஒரு பெண் படித்தால் அவளுக்கும் என் விசாரிப்பு. ஆற்றுப் பக்கம் வராதீர்கள், அங்கே ஒன்றும் இருக்காது. மலை ஊற்றிலிருந்து உங்கள் குழாய் வரிசையைப் பிடித்தபடியே வாருங்கள். தண்ணீரோடு வருகிற மண் தங்க வழியில் நீங்கள் கட்டின தொட்டிகளை எண்ணுங்கள். ஏழாவது தாண்டினால் வளைவு. வளைவை ஒட்டி வீடு. யாரிடமும் வழி கேட்க வேண்டியதில்லை. கதவு பழையதுதான், கழற்றிக்கொண்டு போகிறேன். கோபத்தில் நீங்கள் உதைத்த பள்ளம்கூட அப்படியே இருக்கிறது.

பதில் எழுத வராது என்கிற சாக்கு இனிமேல் செல்லாது. ஒரு கைப்பிடி மண்ணைப் பிசைந்து, கட்டைவிரலை அழுத்திச் சுட்டு, இந்தப் பக்கம் வருகிறவர் யாரிடமாவது கொடுத்துவிடுங்கள். வருகிறேன் என்று அர்த்தம். வரவில்லை என்றால் ஒன்றும் அனுப்ப வேண்டாம். மண் சாமான்தானே, வழியில் உடைந்திருக்கும் என்று நினைத்துக்கொள்கிறேன்.

எங்கே இருந்தாலும் உங்கள் கைக்கு வேலையும் முதுகுக்குச் சுகமும் குறையாமல் இருக்கட்டும்.

இப்படிக்கு,
ஏழாவது தொட்டி தாண்டி, வளைவு வீட்டுக்காரி