சைக்கிள்கள் நின்ற ஜன்னல்

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது,

இங்கே நானும் அப்பாவும் தங்கையும் சௌக்கியம், உன் சௌக்கியத்துக்கு எழுது என்றுதான் எப்போதும் தொடங்குவேன், இந்தத் தடவை பொய்யில் தொடங்க வேண்டாம் என்று பார்க்கிறேன், பொய்க்கு இந்தக் குடும்பத்தில் இப்போது நீ ஒருத்தன் போதும். உன் இருமல் நின்றுவிட்டதா, வெந்நீர் வைத்துக் குடிக்கிறாயா என்று மட்டும் தெரியப்படுத்து, கோபம் வேறு இருமல் வேறு. என் வலக்கை மணிக்கட்டு மாவுக்கட்டில் இருக்கிறது, இடக்கையால் எழுதினால் எறும்பு மையில் குளித்துவிட்டு நடந்த மாதிரி இருக்கிறது, அந்தக் கையும் ஆகாது இந்தக் கையும் ஆகாது என்று கடைசியில் தங்கை எழுதுகிறாள். (அண்ணா, அந்த எறும்பு ஜோக் நான் சொன்னது, அம்மா எடுத்துக்கொண்டார். அம்மா சொல்வதை ஒரு எழுத்து மாற்றாமல் எழுத வேண்டும் என்பது ஒப்பந்தம். அடைப்புக்குறிக்குள் இருப்பது மட்டும் என் சொந்தச் சரக்கு.) போனில் பேசாமல் எதற்குக் கடிதம் என்று நினைப்பாய். போனில் நீ ஏதாவது சொல்லிச் சிரிக்க வைத்துவிடுவாய், நானும் சிரித்துத் தொலைப்பேன், நம் இரண்டு பேருக்கும் அந்த வியாதி உண்டு. காகிதத்தில் உன்னால் குறுக்கே பேச முடியாது.

உன் பரிசைப் பற்றித்தான் எழுதுகிறேன். என் பிறந்தநாளுக்கு நீ வேலை பார்க்கும் கம்பெனியே நடத்துகிற சைக்கிள் பயணத்தில், பழைய நகரத்தைச் சுற்றிக் காட்டுகிற அந்தப் பயணத்தில், எனக்கும் அப்பாவுக்கும் தங்கைக்கும் இடம் போட்டு அனுப்பியிருந்தாய். வழிகாட்டிகள் எந்தத் தெருவில் நின்று என்ன கதை சொல்ல வேண்டும் என்று அங்கே உட்கார்ந்து எழுதிக் கொடுப்பது என் பையன் என்று நான் வேலை பார்க்கிற பல் கிளினிக்குக்கு வருகிற பல்வலிக்காரர்கள் எல்லோரிடமும் சொல்லி வைத்திருந்தேன், பாவம், வாயைத் திறந்து வைத்திருக்கிறவர்கள், வேண்டாம் என்று சொல்லவும் முடியாது. அப்பா வர மாட்டேன் என்றுவிட்டார். தினம் நடக்குற தெருவை டிக்கெட் போட்டுப் பார்க்கணுமா, நீங்க போயிட்டு வாங்க, நம்ம சந்துப் பக்கம் வந்தா ஜன்னல்ல நின்னு கை காட்டுறேன் என்றார். அவருடைய இடத்துக்கு எங்கள் டாக்டரின் உதவியாளரைக் கூட்டிக்கொண்டு போனேன், நாள் முழுக்கப் பஞ்சை நீட்டிக்கொண்டு நிற்பதால் பஞ்சு என்று நாங்கள் கூப்பிடுவோமே, அவளைத்தான்.

தலையில் கவிழ்த்த பாத்திரம் மாதிரி ஒரு ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு கிளம்பினோம். வழிகாட்டி சின்னப் பையன், காதிலிருந்து வாய்க்கு வளைந்து வருகிற மைக், இடுப்பில் ஒரு ஒலிபெருக்கி, உன் தங்கை அவனுக்கு மைக் என்றே பேர் வைத்துவிட்டாள். முதலில் பழைய சுங்கக் கட்டடம், இப்போது அது காபிக் கடை. அப்புறம் நாலு பக்கமும் நாலு வேறு வேறு மணி காட்டுகிற கடிகாரக் கோபுரம். காதலிக்கிறவங்க எந்தப் பக்கம் வேணும்னாலும் நின்னுக்கலாம், லேட்டா வந்தேன்னு யாரும் சண்டை போட முடியாது என்று அவன் சொன்னபோது எல்லோரும் சிரித்தார்கள், அது உன் வரி என்று எனக்குத் தெரிந்துவிட்டது, சின்ன வயதில் பள்ளிக்கூடத்துக்குத் தாமதமாகப் போகும்போதெல்லாம் நீ டீச்சரிடம் சொன்ன சாக்கு அதுதானே. கருங்கல் பாவிய சந்தில் சைக்கிள் குலுங்கிய குலுக்கலில், அக்கா, இதே வழியில நாலு தடவை போனா நம்ம டாக்டருக்கு ஆள் பஞ்சமே இருக்காது என்றாள் பஞ்சு. நான் பெடலை மிதிக்கிற ஒவ்வொரு மிதிக்கும் என் பையன் என் பையன் என்று சொல்லிக்கொண்டே போனேன். (உண்மை. பின்னால் வந்த எனக்குக் காது வலித்தது.)

அப்புறம் மைக் நம் சந்துக்குள் திருப்பினான். நம்ம தெரு நம்ம தெரு என்று நான் கத்தினேன். நம் வீட்டுக்குக் கீழே பேக்கரிக்கு முன்னால் எல்லோரும் கால் ஊன்றி நின்றோம். மேலே உன் அப்பா சொன்ன சொல் தவறாமல் நிற்கிறார், முகம் முழுக்கச் சவர நுரை, தோளில் துண்டு, வெளிச்சம் அந்த ஜன்னலில்தான் நன்றாக வருகிறது என்று தினம் நிற்கிற அதே இடம். என்னைப் பார்த்ததும் சவரக் கத்தியை வைத்துவிட்டுக் குழந்தை மாதிரி இரண்டு கையையும் ஆட்டினார். நானும் ஆட்டினேன். அப்போதுதான் மைக் மேலே கை நீட்டி, எல்லாரும் அந்தப் பச்சை ஜன்னலைப் பாருங்க, அதுதான் சட்டை ஜன்னல் என்றான்.

அவன் பேசியது நீ எழுதியதுதான், இருந்தாலும் வாயிலிருந்து வரும்போது எப்படி இருந்தது என்று நீ கேட்க வேண்டாமா. இந்த வீட்டுப் புருஷன் ஒருநாள் வேற ஒரு பொண்ணு பின்னாடி ஓடிப் போயிட்டான், பொண்டாட்டி அழுதாளா, இல்ல, அவன் சட்டை ஒண்ண எடுத்துத் தினம் தினம் துவைச்சு இந்த ஜன்னல்ல காயப்போட்டா, அக்கம்பக்கம் அவன் வீட்லயே இருக்கான்னு நினைக்கணுமே, கடைசில அந்தப் பொண்ணும் துரத்திவிட, ஐயா பூனை மாதிரி கீழ வந்து நின்னாரு, இவ மேலேருந்து ஒரு வாளித் தண்ணிய அப்படியே ஊத்தினா, அப்புறம் காயப்போட்ட சட்டையத் தூக்கிப் போட்டா, மாத்திக்கடா மவராசான்னு. எல்லோரும் கை தட்டினார்கள். ஒருத்தர் மேலே காட்டி, அதோ நிக்கிறாரே அவர்தானா என்று கேட்டார். இருக்கலாம் சார், நனைஞ்சிருக்காரான்னு பாருங்க என்றான் மைக். நுரையோடு நிற்கிற மனுஷனை எத்தனை போன்கள் படம் எடுத்தன தெரியுமா. அப்பாவின் கை ஆட்டியபடியே அந்தரத்தில் நின்றுவிட்டது. பிறகு அதைக் கீழே இறக்கினார், பிறகு ஜன்னல் கதவை ஒன்று ஒன்றாகச் சாத்தினார், சத்தம் வராமல். நான் அவசரமாக இறங்கினேன், கால் சைக்கிளில் மாட்டிக்கொண்டது, கையை ஊன்றி விழுந்தேன். அவ்வளவுதான் உன் பரிசு.

ஆஸ்பத்திரி வராந்தாவில் அது நம் கதைதான் என்று சொன்னதும் உன் தங்கை, அப்போ நான் எங்கம்மா இருந்தேன் என்று கேட்டாள். என் வயிற்றில் என்றேன். அப்போ நானும் சம்பவ இடத்துல இருந்திருக்கேன், என்கிட்ட மட்டும் யாரும் சொல்லலையா என்றாள். (இந்த இடத்தில் ஒரு ஜோக் வைத்திருந்தேன் அண்ணா. எழுத வரவில்லை. எல்லோரும் கை தட்டியபோது நானும் தட்டினேன், அது யாருடைய கதை என்று தெரியாமல்.) அவள் இத்தனை வருஷம் அப்பாவைக் கேலி செய்து வளர்ந்தவள், செருப்பை மாற்றி வைப்பாள், சர்க்கரை டப்பாவில் உப்பைக் கொட்டுவாள், இப்போது அவர் முன்னால் தண்ணீர் டம்ளரை வைக்கும்போதுகூட யோசித்து வைக்கிறாள்.

நடந்தது என்ன என்று உனக்கு நான் சொல்லித் தர வேண்டியதில்லை, ஆனாலும் நீயே மறந்துவிட்ட மாதிரி எழுதியிருப்பதால் சொல்கிறேன். அப்பாவுக்கு வேலை போனது. அதை என்னிடம் சொல்ல வெட்கப்பட்டு, வேலை தேடிக் கிடைத்த பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்று கிளம்பிப் போனார், கிடைக்கவில்லை, கிடைக்காததைச் சொல்ல இன்னும் வெட்கம், வெட்கம் வட்டி போட்டு வளர்ந்தது. துறைமுகத்தில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்தார், மூட்டையைத் தவிர வேறு எதன் பின்னாலும் போகவில்லை. நான் அவருடைய நீலக் கோடு போட்ட சட்டையைத் துவைத்துத் துவைத்துக் காயப்போட்டது உண்மை. சாயங்காலம் நீ பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் ஸ்டூல் போட்டு ஏறி அதை எடுத்து, கையைப் பின்னால் மடித்து, காலரை நீவி, கடையில் வைக்கிற மாதிரி மடித்து அலமாரியில் வைப்பாய். அதை ஒரு நாளும் நான் சொல்லிச் செய்ததில்லை. தண்ணீர் ஊற்றியதும் உண்மை, அது துவைத்த தண்ணீர், சோப்பு வேறு. அன்று ராத்திரி நனைந்த தலையோடு அப்பா உன் முன்னால் உட்கார்ந்து, இது நம்ம மூணு பேருக்குள்ள இருக்கட்டும்டா ராஜா என்றார். நீ சரிப்பா என்றாய். பக்கத்து வீட்டுக்காரி மிட்டாயைக் காட்டிக் கேட்டபோதுகூட, மிட்டாயை வாங்கிக்கொண்டு வாயைத் திறக்காமல் வந்தவன் நீ. அந்தப் பையனுக்கு என்ன ஆச்சு?

போனில் நான் கேட்டதற்கு நீ சொன்ன பதில்களை நானும் மறக்கவில்லை. பேர் எதுவும் சொல்லலையேம்மா என்றாய். பேரைத்தான் சொல்லவில்லை, ஜன்னலைக் காட்டிவிட்டாயே, எந்தத் திருடனாவது பேர் கேட்டுக்கொண்டா வருகிறான். உங்களுக்குச் சர்ப்ரைஸா இருக்கட்டும்னுதான் என்றாய். அந்தப் பொண்ணு யாருடா என்றதற்கு, கதைக்கு ஒரு காரணம் வேணும்லம்மா, வேலை போச்சுன்னு ஓடினான்னா யாரும் சிரிக்க மாட்டாங்க என்றாய். கண்ணா, சிரிக்க மாட்டார்கள்தான். சிரிக்கக்கூடாது என்றுதானே அந்த மனுஷன் மூன்று பேரோடு நிறுத்தினார்.

இப்போது அவர் குளியலறை விளக்கில் சவரம் செய்கிறார், தாடையில் இரண்டு வெட்டு. முன் படியில் இறங்கினால் பேக்கரிக்காரர், என்ன அண்ணே, சட்டை காஞ்சுச்சா என்று கேட்கிறார், அவர் கேலிக்குத்தான் கேட்கிறார், கெட்ட மனுஷன் இல்லை, அதனால் சண்டை போடவும் முடியவில்லை. அப்பா பின்பக்கம் குப்பைத் தொட்டி வழியாக வேலைக்குப் போய் வருகிறார். ஊரில் பாதி லிப்டுகளைப் பழுது பார்த்து மேலே ஏற்றி இறக்குகிறவர், தன் வீட்டு வாசல் படியில் இறங்க முடியவில்லை.

போன சனிக்கிழமை மறுபடி கூட்டம் வந்தது. மைக் ஆரம்பித்தான். என் கைதான் மாவுக்கட்டில், தங்கைக்கு இரண்டு கையும் நன்றாக இருக்கிறதே. ஜன்னல் திறந்தது, வாளி சாய்ந்தது. (முழு வாளி. குறி தப்பவில்லை. மைக் பேசிக்கொண்டே மூழ்கினான்.) அவன் நனைந்து போய் நிற்கிறான், கூட்டம் குதிக்கிறது, கை தட்டுகிறது, இது டிக்கெட்டோடு சேர்ந்தது என்று நினைத்துக்கொண்டார்கள். எங்கள் குறும்பு எங்களுக்கே திரும்பியது. சொட்டச் சொட்ட மாடி ஏறி வந்தான், சண்டைக்கு வருகிறான் என்று பார்த்தால் முகமெல்லாம் பல். ஆன்ட்டி, பிரமாதம், வாராவாரம் இப்படிச் செய்ய முடியுமா, அந்தச் சட்டை இன்னும் இருந்தா கொடுங்க, ஜன்னல்ல நிரந்தரமாத் தொங்கவிட்டுடலாம் என்றான். அதற்குள் அப்பா உள்ளேயிருந்து ஒரு துண்டை எடுத்து வந்து அவன் தலையில் போட்டார், சளி பிடிக்கும், துவட்டிக்கோ என்றார். நான் சொன்னேன், தம்பி, ஓடிப் போனதாக நீ சொல்கிறாயே, அந்தப் பூனை இதுதான். அந்தப் பையன் துண்டை எடுக்கவே இல்லை, அதற்குள்ளிருந்தே, எனக்கு எழுதிக் கொடுத்ததைத்தான் சார் பேசுறேன், நானா மாத்தினா வேலை போயிடும் என்றான். வேலை போயிடும் என்ற சொல்லைக் கேட்டதும் அப்பா அவனுக்கு நாற்காலியை இழுத்துப் போட்டார்.

அவன் போன பிறகு அப்பா ஒன்றே ஒன்றுதான் சொன்னார். நம்ம பையன்கிட்ட சொல்லு, அந்தப் பொண்ண மட்டும் எடுத்துடச் சொல்லு, மத்ததெல்லாம் நடந்ததுதானே. அவ்வளவுதான். உன்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் எனக்கு இந்தக் கடிதம் எழுத வேண்டியிருக்காது.

அவர் கேட்டது அது. நான் அவ்வளவு நல்லவள் இல்லை. எனக்கு அந்தப் பெண்ணும் வேண்டாம், அந்தக் கதையே வேண்டாம், சைக்கிள்கள் நம் சந்தில் நிற்காமல் போக வேண்டும். நீ எழுதியதை நீதான் அடிக்க முடியும். அடித்துவிட்டு எனக்குப் போன் செய்யாதே, அப்பாவுக்குச் செய். என்னிடம் சொல்லிச் சொல்லச் சொல்லாதே, நான் உனக்குத் தபால்காரி இல்லை. அவர் எடுத்ததும் ஹலோ என்று சொல்லிவிட்டுச் சும்மா இருப்பார், அந்தச் சும்மாவில் நீ ஜோக் அடிக்காதே. (இங்கே நானே ஒரு ஜோக் எழுதினேன். அம்மா முறைக்கிறார். அடித்துவிட்டேன். அண்ணா, தயவுசெய்து கேள்.)

நல்லபடியாக இரு, பனியில் தலையை மூடிக்கொண்டு போ, சம்பளம் உயர வேண்டும், நல்ல பெண்ணாகப் பார், எழுதிச் சேர்த்த பெண்ணாக இல்லாமல் நிஜமானவளாக. உன் மேல் கோபம் இருக்கிறவரை நீ என் பிள்ளைதான் என்று வைத்துக்கொள். இதோடு ஒரு பார்சலும் வரும். மைக் கேட்ட அந்தச் சட்டை இத்தனை வருஷமாக அலமாரி அடியில்தான் இருந்தது, நீலக் கோடு போய் வெள்ளையாகவே ஆகிவிட்டது, இந்த வீட்டில் இருந்தால் எவனாவது கேட்டுக்கொண்டு மாடி ஏறுவான். துவைத்துக் காயவைத்து அனுப்புகிறேன். மடிக்கவில்லை, சுருட்டித்தான் வைத்திருக்கிறேன். மடிப்பது உன் வேலை.

ஆசீர்வாதங்களுடன்,
சாத்திய ஜன்னலுக்கு உள்ளேயிருந்து,
உன் அம்மா
(எழுதிய கை: தங்கை)